விளக்குக்குப் பின்னால் நின்ற அம்மாக்கள்

...ஆறு மணிக்குள் படப்பிடிப்பு முடிந்துவிட்டால் டிராம் பிடித்து ஏழு மணி வகுப்புக்குப் போய்விடலாம், இன்றைக்குத் தட்டச்சுத் தேர்வு, போன வாரமே இரண்டு நாள் போகவில்லை, ஆனால் முடிவது அந்தக் குழந்தை அழுவதில் இருக்கிறது, குழந்தையை அழவைப்பது என் பொறுப்பு என்று இயக்குநர் தோன் எவரிஸ்தோ சொல்லிவிட்டார். "லாலி, நீ போய் அவ காதுல சொல்லு. நீ குழந்தையா நடிச்சப்ப உனக்கு நான் என்ன சொன்னேனோ அதேதான்." நோயமிக்கு ஏழு வயது, குவாதலூப்பே மாதா படத்தின் முன் முழந்தாளிட்டு, கழுதைக்குட்டியைக் கட்டிக்கொண்டு, செத்துப்போன அம்மாவுக்காக அழ வேண்டும், காலையிலிருந்து நான்கு முறை எடுத்தாயிற்று, நான்கிலும் கழுதைதான் நன்றாக நடித்தது. கிளிசரின் விடலாமே என்றேன். "கிளிசரின் போட்டா கண்ணு அழும் தாயி, மூக்கு அழாதே" என்றார் கேமராக்காரர் புருதென்சியோ...

எனக்கு அப்போது இயக்குநர் சொன்னது... உங்கம்மா வேற ஒரு பொண்ணக் கூட்டிக்கிட்டு வீட்டுக்குப் போயிட்டாங்க, இனி வர மாட்டாங்க. ஆறு வயதிலிருந்து பதின்மூன்று வரை பதினோரு படங்கள், எல்லாம் குடும்பத்தோடு பார்க்கிற படங்கள், நோட்டில் வரிசையாக எழுதி ஒவ்வொன்றுக்கும் எத்தனை அழுகைக் காட்சி என்று குறித்திருக்கிறேன், முப்பத்துநான்கு, எண்ணியது சரிதானா என்று இன்னும் சந்தேகம். விழுந்த பாற்பல்லுக்குப் பொய்ப்பல் ஒட்டினார்கள், கடைசி இரண்டில் மார்பைத் துணியால் இறுக்கிக் கட்டி எட்டு வயதாகவே வைத்திருந்தார்கள், வசனம் மாறியது, ஊர் மாறியது, காதில் சொல்வது மட்டும் மாறவில்லை. முதல் தடவை மூச்சே நின்றுவிடும்போல அழுதேன், முடிந்ததும் அம்மா பெரிய படப்பிடிப்பு விளக்குக்குப் பின்னாலிருந்து சோளக்கஞ்சிக் கிண்ணத்தோடு வந்தாள். நான்காவது படத்திலேயே அது பொய் என்று தெரிந்துவிட்டது, ஆனாலும் அழுகை வந்தது, ஏன் வந்தது? நடிப்பா? நடிப்பு என்றால் பதின்மூன்றுக்குப் பிறகு ஏன் ஒருவரும் கூப்பிடவில்லை, ஏன் அதே ஸ்டூடியோவில் இப்போது குழந்தைகளுக்குத் தலைவாரிக்கொண்டிருக்கிறேன்...

நோயமியின் அம்மா தோன்யா எர்மெலிந்தா அதே விளக்குக்குப் பின்னால் நிற்கிறாள், கடைக்குப் போய் வருகிறேன் என்று மகளிடம் சொல்லிவிட்டுக் காலையிலிருந்து அங்கேதான். என் கையைப் பிடித்துக்கொண்டாள். "பாவம் பாக்காத லாலி, நல்லா அழ விடு. உன்ன மாதிரி வரணும்னுதான் தினம் மெழுகுவத்தி ஏத்துறேன்." "அவள மாதிரின்னா? சீப்பும் கையுமாவா?" என்றார் புருதென்சியோ. எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன் என்றுதான் நினைக்கிறேன்.

இருபது அடிதான், சொல்ல வேண்டியது ஒரே வரி, சொன்னால் ஐந்து நிமிடத்தில் முடியும், சொல்லாவிட்டால் வேறு யாராவது சொல்வார்கள், அப்போது வேலையும் போகும் வகுப்பும் போகும், பின் எதற்கு இந்தத் தயக்கம், அதைக் கேட்டு நான் செத்தா போனேன்... "அக்கா, மறுபடியுமா? முட்டி வலிக்குது." குனிந்தேன். அந்த வரி நாக்கு நுனிவரை வந்தது, வந்து நின்றது, வேறொன்றைச் சொன்னேன், "உங்கம்மா எங்கயும் போகல கண்ணு. அந்த விளக்குக்குப் பின்னாலதான் நிக்கிறாங்க, உன்னத்தான் பாத்துக்கிட்டு இருக்காங்க." தைரியம் வரட்டும் என்றுதான் சொன்னேன், சத்தியமாக. அவள் விளக்கைப் பார்த்தாள், அந்த வெளிச்சத்தில் ஒன்றும் தெரிந்திருக்காது. "கடைக்குப் போகலயா? காலையிலேருந்தேவா அங்க?"

ஆமாம் என்றேன். முதலில் மூக்கு சிவந்தது, பிறகு உதடு கோணியது, தோன் எவரிஸ்தோ கையைத் தூக்கினார், கேமரா ஓடியது, நான் தரையோடு தரையாக ஒதுங்கினேன். "பாத்தியா, அதே வரிதான், என்னிக்கும் தப்பாது!" என்று அவர் கை தட்டினார். ஐந்து நாற்பது. காட்சி முடிந்தது, அவள் அழுகையை முடிக்கவில்லை. "என் ராசாத்தி, எங்க போனே, ஐஸ் வாங்கித் தர்றேன் வா" என்று எர்மெலிந்தா விளக்கைச் சுற்றிக்கொண்டு ஓடிவருகிறாள், குழந்தை என் பாவாடையை இரண்டு கையாலும் பற்றிக்கொண்டு எனக்குப் பின்னால் ஒட்டி நிற்கிறது, மூச்சை அடக்கிக்கொண்டு... அன்றைக்கு நான் கிண்ணத்தை வாங்கிக் குடித்தேன், ஒளிந்துகொள்ளலாம் என்று எனக்கு ஏன் தோன்றவில்லை, யாருக்குப் பின்னால் ஒளிந்திருப்பேன்... டிராமுக்கு நேரமாகிறது, நான் ஓர் அடி நகர்ந்தால் போதும், நோயமி அவள் அம்மாவின் கண்ணில் பட்டுவிடுவாள்.