எதிர்ச் சக்கரத்துக் குரல்

மகள் இந்துவுக்குப் போன் போட்டால், யாரோ ஒரு பையன் எடுத்து, "சொல்லுங்கப்பா" என்றான்.

தங்கப்பாண்டியனுக்குச் சுர்ரென்று ஏறியது. ராஜபாளையத்தில் பேண்டேஜ் துணி ஆலையில் பகல் ஷிப்ட் முடித்து, ஸ்ரீவில்லிபுத்தூருக்கு வண்டியில் திரும்பிக்கொண்டிருந்த மனுசன், புரோட்டா வாங்கி வரவா என்று கேட்கத்தான் ரோட்டோரப் புளியமரத்தடியில் நிறுத்தியிருந்தார்.

"ஏலே, யாருல நீ? எம்மக போனு ஒங்கிட்ட எப்படி வந்துச்சு?"

"மகளா? என்னப்பா ஆச்சு ஒங்களுக்கு? நான் விமல்."

லைன் கட்டாகிவிட்டது. அவர் பெண்டாட்டி மாரீஸ்வரிக்குப் பிறந்தது இரட்டைப் பிள்ளை. பெண் பிழைத்துக்கொண்டாள், ஆண் பிள்ளை அழாமலே போய்ச் சேர்ந்தான். அவனுக்கென்று எடுத்து வைத்திருந்த பெயர்தான் விமல். புருஷனும் பெண்டாட்டியும் அதற்கப்புறம் அந்தப் பெயரை வாயில் எடுத்ததே இல்லை.

ஏதோ முறிகிற சத்தம் கேட்டு மேற்கே பார்த்தார். மலைக்கு மேலே ஒரு தேர் ஓடிக்கொண்டிருந்தது. மலையே அதன் அச்சு உயரத்துக்குத்தான் வந்தது. எண்ண முடியாத வடங்கள் அதிலிருந்து நாலாபக்கமும் போயின. ஒரு வடத்தின் முனையில் மழை கொட்டியது, ஒன்றில் வெயில் அடித்தது, இன்னொன்றில் இந்த ரோடே இல்லை. பக்கத்தில் போன ஷேர் ஆட்டோக்காரன் கண்டுகொள்ளாமல் ஹார்ன் அடித்துவிட்டுப் போனான்.

அடுத்த கணம் தங்கப்பாண்டியன் அந்தத் தேர்ச் சக்கரத்தடியில் இருந்தார். எதிரே கழுத்தில் விசிலோடு ஓர் அம்மாள், பி.டி. டீச்சர் கணக்காக இடுப்பில் கைவைத்து நின்றாள்.

"எல்லாக் காலத்தையும் ஒண்ணா இழுத்து, ஒண்ணோடொண்ணு முட்டாம ஓட்டுற தேரு இது. முக்குத் திரும்பையில சாஞ்சிருச்சு. ரெண்டு காலம் உரசுது. ஒண்ணுல ஒங்க மக இருக்கா, ஒண்ணுல மகன். நீங்க ஆடிப்பூரத் தேருக்குக் கட்டை போடுற ஆளு. முட்டுக்கட்டை போட்டு நிறுத்துங்க. போட்ட பக்கத்துக் காலம் தப்பிக்கும், மத்தது தேஞ்சு போகும்."

இந்து! காலடியில் கிடந்த இரண்டு கட்டைகளில், தேரை நிறுத்தும் முட்டுக்கட்டையைத் தூக்கிவிட்டார். தூக்கிய கை இறங்கவில்லை. "சொல்லுங்கப்பா" என்ற குரல் காதைவிட்டுப் போனால்தானே?

கட்டை போடுகிறவர்களுக்குள் ஒரு கட்டுப்பாடு உண்டு. ஒற்றையாளாக யாரும் போடக் கூடாது. எதிர்ச் சக்கரத்து ஆளை இங்கிருந்து பார்க்க முடியாது, நடுவில் தேரின் வயிறு மறைக்கும். குரல் கொடுத்து, பதில் குரல் வந்த பிறகுதான் கட்டை. பதற்றத்திலும் அந்தப் பழக்கம் விடவில்லை.

"எதிர்ச் சக்கரத்துல யாருப்பா?"

"நாந்தான், தங்கப்பாண்டி."

அவருடைய குரலேதான். அதே கரகரப்பு.

"ஒங்கிட்ட... பயதான் இருக்கானா?" என்று இவர் கேட்டார்.

"ஆமா. காலேஜ் போறான். நம்மள மாதிரியே கோவக்காரன். ஒங்கிட்ட பொம்பளப் பிள்ளையா?"

"இந்து."

எதிர்க்குரல் கேட்டது: "பொறந்தப்ப அவ அழுதாளா?"

"ஆஸ்பத்திரியே கேட்டுச்சு."

எதிர்ச் சக்கரத்துத் தங்கப்பாண்டி தேம்பினான். இவருக்கும் கண் மறைத்தது. துடைத்துக்கொண்டு கத்தினார்: "ஏலே, முக்குல நாம என்னைக்குல தேர நிறுத்திருக்கோம்? ஓட்டத்துலயே திருப்பித்தான பழக்கம்? முட்டுக்கட்டையத் தூரப் போடு. சக்கரத்தத் திருப்புற சறுக்குக்கட்டைய எடு!"

"எடுத்துட்டேன்!"

"ஐயோ, வேண்டாம்!" விசில் அம்மாள் அலறினாள். "தப்புனா அம்புட்டுக் காலமும் சரிஞ்சிரும்!"

"செத்த சும்மா இருங்கம்மா!" என்று அதட்டிவிட்டு, எதிர்ப்பக்கம் குரல் கொடுத்தார்: "போடவா?"

"போடு!"

"போட்டேன்!"

இரண்டு கட்டைகளும் ஒரே நேரத்தில் விழுந்தன. சக்கரம் ஏறியது, கட்டை புகைந்தது, தேர் தலைக்கு மேலே ஆடி, இதோ விழப்போகிறது என்று சாய்ந்து, சாய்ந்தபடியே திரும்பியது. திரும்பியேவிட்டது! உரசிக்கொண்டிருந்த இரண்டு காலங்களும் விலகித் தத்தம் வீதியில் ஓடின. "கோவிந்தா! கோபாலா!" என்று இரண்டு பேரும் தொண்டை கிழியக் கத்தினார்கள். வடம் பிடித்திருந்த அத்தனை காலத்து ஜனங்களும், எதற்கென்று தெரியாமலே, திருப்பிக் கத்தினார்கள். அந்த அம்மாள் விசிலை ஊதிக்கொண்டே அழுதாள்.

எதிர்க்குரல் தூரத்தில் போய்க்கொண்டிருந்தது. "வாரேன்ல! பயலுக்குப் புரோட்டா வாங்கணும்!"

மறுபடி அதே புளியமரத்தடி. போன் அடித்தது. "எப்பா, எம்புட்டு நேரமாக் கூப்புடுறேன்! புரோட்டா வருமா வராதா?" இந்துவேதான். தங்கப்பாண்டியன் ரோட்டோரத்தில் வாய்விட்டுச் சிரித்தார். உள்ளங்கை இரண்டும் கன்றிச் சிவந்திருந்தன.

வீட்டுக்குள் நுழைந்ததும் மகளை இழுத்து உச்சி முகர்ந்தார். பிறகு அடுப்படியில் நின்ற மாரீஸ்வரியிடம் போய், இத்தனை வருஷம் அடக்கிய பெயரை வாய் நிறையச் சொன்னார்.

"மாரி, நம்ம விமலு இருக்கான். காலேஜ் போறான்."

பைத்தியமா என்று கேட்க வாய் திறந்தவள், அவர் முகத்தைப் பார்த்தாள், கன்றிய கையைப் பார்த்தாள். கண்ணில் நீர் கோத்துக்கொண்டது.

"சாப்ட்டானாங்க?" என்றாள்.

"இந்நேரம் அவங்கப்பன் புரோட்டா வாங்கிட்டுப் போயிருப்பான்" என்றார் தங்கப்பாண்டியன், பொட்டலத்தைப் பிரித்துக்கொண்டே.