இரண்டு தட்டு

சின்னவனின் முழுகும் உடுப்பின் முதுகு ஜிப் பாதியில் நின்றுகொண்டது. உள்ளே போட்டிருந்த பனியனின் நூல் ஒன்று அதன் பல்லில் மாட்டியிருந்தது. அண்ணி படகின் விளிம்புப் பலகையில் ஒரு முழங்காலை ஊன்றிக் குனிந்து, நூலைக் கடித்து அறுத்து, ஜிப்பைக் கழுத்துவரை ஏற்றிவிட்டாள்.

"மூச்சு விட இடம் இருக்கா?"

"இருக்கு அண்ணி. வயித்தை உள்ள இழுத்துக்கிட்டா."

"அந்த வயித்துக்கு ஒரு காவல்காரனைப் போட்டாத்தான் சரிப்படும்."

"காலையில தட்டை ரெண்டாவது தடவை நிரப்பினது யாராம்? நானா?"

அவன் முகமூடியை மாட்டிக்கொண்டு, கட்டைவிரலை உயர்த்திக் காட்டி, பின்பக்கமாகத் தண்ணீரில் விழுந்தான். படகு ஒருமுறை ஆடி நின்றது.

அந்தப் படகில் மூன்று பேர். அண்ணி, அவள் கணவனான பெரியவன், அவனுடைய தம்பி சின்னவன். சரக்குக் கப்பல்கள் வந்து கட்டும் துறைமேடைக்கு அடியில் அறுபது கான்கிரீட் தூண்கள் கடலுக்குள் நிற்கின்றன. அவற்றில் ஒட்டியிருக்கும் சிப்பிகளைச் சுரண்டி, வெடிப்பு எங்கே இருக்கிறது என்று பார்த்துச் சொல்வது அவர்கள் தொழில். சின்னவன் முழுகுவான். பெரியவன் கம்ப்ரசரையும் காற்றுக் குழாயையும் பார்த்துக்கொள்வான். அண்ணி கேட்பாள். அந்தத் துறைமுகத்தில் அவள் எல்லோருக்கும் அண்ணிதான். அவளைவிடப் பத்து வயது மூத்த கிரேன்காரர்கூட அப்படித்தான் கூப்பிடுவார்.

கேட்பது என்றால் சும்மா உட்கார்ந்திருப்பது அல்ல. அவள் மடியில் ஒரு ஹெட்போன் இருக்கும். முகமூடிக்குள் சின்னவன் பேசுவது ஒரு கம்பி வழியாக அதில் வரும். படகோரத்தில் தண்ணீருக்குள் தொங்கும் இன்னொரு மைக்கின் சத்தமும் அதிலேயே வரும். பேச்சுக் கம்பி அவ்வப்போது ஈரம் பட்டுச் செத்துப்போகும். தூண்களுக்கு நடுவே குழாய் வளைந்து வளைந்து போவதால் கயிற்றை இழுத்துச் சைகை செய்யவும் முடியாது. ஆகவே கம்பி செத்தால் தட்டுதான். சுரண்டியின் இரும்புப் பிடியால் தூணில் ஒரு தட்டு, நன்றாக இருக்கிறேன். இரண்டு தட்டு, பொறு, இழுக்காதே. மூன்று தட்டு, இழு. படகிலிருந்து கேட்க வேண்டுமானால் தண்ணீருக்குள் தொங்கும் இரும்புக் கம்பியைச் சுத்தியலால் அடிப்பாள். மூன்று முறை அடித்தும் பதில் இல்லையென்றால் இழுத்துவிட வேண்டும். இந்தச் சட்டத்தைச் சின்னவன்தான் எழுதிக் கம்ப்ரசர் மூடியில் ஒட்டிவைத்திருந்தான்.

இதில் ஒரே தொல்லை இறால்கள்.

விரல் நீளம்கூட வராத இறால்கள் அவை. தூண்களின் இடுக்குகளில் லட்சக்கணக்கில் குடியிருந்தன. ஒவ்வொன்றுக்கும் ஒரு கொடுக்கு மட்டும் உடம்புக்குப் பொருந்தாத அளவுக்குப் பெரிதாய் இருக்கும். அதைப் படக்கென்று மூடும்போது ஒரு குமிழி உண்டாகி வெடிக்கும். சத்தம் அந்தக் குமிழியினுடையது. ஒன்று வெடித்தால் ஒன்றுமில்லை. எல்லாம் சேர்ந்து வெடிக்கும்போது காய்ந்த எண்ணெயில் மூட்டை மூட்டையாகக் கடுகைக் கொட்டியதுபோல் இருக்கும். ஓயாது. எட்டு வருடம் கேட்டதில் வீட்டில் படுத்தாலும் தலையணைக்குள் அந்தப் பொரியல் அவளுக்குக் கேட்டது. "அண்ணி, காதுல கடை போட்டுட்டாங்களா? வாடகை வாங்குங்க," என்பான் சின்னவன்.

பெரியவன் பேச்சில் கஞ்சன், மனதில் இல்லை. அதற்கு முந்தின வாரம் ஒரு சின்னப் பெட்டியை வாங்கி வந்து சமையலறை மேசையில் வைத்தான். திடீர் திடீரென்று வெடிக்கும் சத்தங்களை மட்டும் பிடித்து விழுங்கிவிடும் பெட்டி. சோதித்துப் பார்த்தார்கள். மைக்கின் முன்னால் பெரியவன் பேசினான், கேட்டது. சின்னவன் பாடினான், துரதிர்ஷ்டவசமாக அதுவும் கேட்டது. பிறகு பெரியவன் விரலைச் சொடுக்கினான். ஹெட்போனில் ஒன்றும் இல்லை. மறுபடி சொடுக்கினான். ஒன்றும் இல்லை. மூன்று பேரும் சிரித்தார்கள். அவளுக்குக் கண்ணில் தண்ணீரே வந்துவிட்டது, எட்டு வருடத்துக்குப் பிறகு காது ஓய்ந்திருந்தது.

அன்று காலையும் பெட்டியின் குமிழை முழுக்கத் திருகி வைத்திருந்தாள்.

"முப்பத்தோராம் தூண் அண்ணி. இங்க சிப்பி பாய் மாதிரி விரிஞ்சிருக்கு," என்றது அவன் குரல். பக்கத்தில் உட்கார்ந்து பேசுவதுபோல் அத்தனை தெளிவு.

"வெடிப்பு?"

"இல்ல. பழைய வலை ஒண்ணு சுத்திக் கிடக்கு. எந்தப் புண்ணியவான் விட்டுட்டுப் போனானோ. பின்னாடி போய்ப் பாக்..."

குரல் அறுந்தது. கிரீச் என்று ஒரு ஒலி, பிறகு அதுவும் இல்லை.

"கம்பி போச்சுங்க," என்றாள்.

பெரியவன் தண்ணீரைப் பார்த்தான். முப்பத்தோராம் தூணை ஒட்டிக் காற்றுக்குமிழிகள் கொத்துக் கொத்தாக வந்துகொண்டிருந்தன. "மூச்சு வருது. தட்டுவான், கேளு."

அவள் ஹெட்போனை இரு கையாலும் அழுத்திப் பிடித்துக் கேட்டாள். தட்டு வரவில்லை. இறால் சத்தம்கூட இல்லை. கிணற்றுக்குள் தலையை விட்டதுபோல் இருந்தது. காலையில் சுகமாக இருந்த அந்த அமைதி இப்போது கழுத்துக்குப் பின்னால் ஈரத்துணியை வைத்ததுபோல் இருந்தது.

சுத்தியலை எடுத்து இரும்புக் கம்பியை அடித்தாள். காத்திருந்தாள். ஒன்றுமில்லை.

"வேலையில இருப்பான். கை காலியா இருக்காது," என்றான் பெரியவன். ஆனால் அவன் கை குழாயின் மேல் இருந்தது.

இரண்டாவது முறை அடித்தாள். கடலுக்குள் அந்த ஒலி போவது உள்ளங்கையில் தெரிந்தது. திரும்பி எதுவும் வரவில்லை. குமிழிகள் வந்துகொண்டே இருந்தன. ஒரு மனிதன் மூச்சு விடுகிறான், ஆனால் பதில் சொல்ல மாட்டேன் என்கிறான். மயங்கிக் கிடப்பவனும் மூச்சு விடுவான்.

"என்னங்க, அவன் ஒருநாளும் இப்படி இருந்ததில்ல."

"இன்னொரு தடவை அடி."

அடித்தாள். எண்ணினாள். இருபது வரை எண்ணிவிட்டு, வேண்டுமென்றே இன்னும் பத்து எண்ணினாள்.

"வரல," என்றாள்.

பெரியவன் கம்ப்ரசர் மூடியை ஒருமுறை பார்த்தான், தெரியாத சட்டத்தைப் படிப்பவன்போல. பிறகு காலை ஊன்றி, குழாயையும் அதோடு கட்டியிருந்த கயிற்றையும் சேர்த்துப் பிடித்து இழுத்தான். வரவில்லை. முழு உடம்பையும் பின்னால் சாய்த்து இழுத்தான்.

படகு ஒரு பக்கம் சாய்ந்தது. அவள் விழாமல் இருக்கப் பெட்டியைப் பிடித்தாள். கை பட்டு அதன் சுவிட்ச் அணைந்தது.

பொரியல் சத்தம் காதில் வந்து கொட்டியது. தலையை நடுக்கும் பழைய சத்தம். அதற்கு நடுவில், அதைவிடக் கொஞ்சம் கனமாக, நிதானமே இல்லாமல், தக் தக். நிறுத்தி, தக் தக். தக் தக்.

"இழுக்காதீங்க. தட்டுறான், இழுக்காதீங்க," என்றாள். கத்தினாளா மெல்லச் சொன்னாளா என்று அவளுக்கு இன்றுவரை தெரியாது.

பெரியவன் கையில் குழாயும் கயிறும் அறுந்து லேசாகிவிட்டன. அவன் பின்னால் விழுந்தான்.

பின்னர் தெரிந்தது இவ்வளவுதான். வலை சின்னவன் காலில் சுற்றியிருந்தது. அவன் பதறாமல் அதை அறுத்துக்கொண்டிருந்தான். குழாய் முப்பத்தோராம் தூணைச் சுற்றிப் பின்பக்கம் போயிருந்தது, அங்கே சிப்பிகளின் விளிம்பு கத்தி. அதனால்தான் இழுக்காதே என்று தட்டியிருக்கிறான், அவள் கம்பியை அடித்த ஒவ்வொரு முறையும். பெட்டிக்கு இறாலின் வெடிப்பும் இரும்பின் தட்டும் ஒன்றுதான். இரண்டும் படக்கென்று வந்து படக்கென்று போகிற சத்தம்.

அவன் முதுகில் அவசரத்துக்கென்று ஒரு சின்னச் சிலிண்டர் இருந்தது. நான்கு நிமிடக் காற்று. பெரியவன் படகில் இருந்த இன்னொரு சிலிண்டரை மாட்டிக்கொண்டு, வாரைக்கூடச் சரியாகக் கட்டாமல் குதித்தான்.

அவள் தனியாக உட்கார்ந்து கேட்டாள். இப்போது மூன்று தட்டு. தக் தக் தக். பொரியலுக்குள்ளிருந்து தெளிவாக வந்தது. சின்னவன் இருக்கிறான். குழாய் அறுந்தபின் எங்கே போனான் என்றுதான் தெரியவில்லை. தண்ணீருக்குள் ஒரே ஒரு மைக். அது சத்தத்தைத் தரும், திசையைத் தராது. இறால்கள் மேலிருந்தும் கீழிருந்தும் எல்லாத் தூண்களிலிருந்தும் வெடித்தன. அவற்றின் நடுவே அவன் எங்கேயும் இருக்கலாம்.

பெரியவன் குமிழிகளைத் தேடிப் போனான். கண் தெரியாத கலங்கல் தண்ணீரில் வேறு எதைப் பின்பற்றுவான்? குமிழிகளும் ஏராளமாக வந்தன, முன்னைவிட அதிகமாக, ஆனால் நான்கு தூண் தள்ளி. அதைப் பார்த்துக்கொண்டிருந்தவளுக்குச் சட்டென்று புரிந்தது. அது மூச்சு இல்லை. அறுந்த குழாய் துள்ளித் துள்ளி ஓடிப் போய் அங்கே கக்கிக்கொண்டிருக்கிறது.

ஹெட்போனைக் கழற்றி எறிந்துவிட்டுக் கம்ப்ரசரை அணைத்தாள். அந்தப் பெரிய கொப்பளிப்பு அடங்கியது. முப்பத்தோராம் தூணுக்குப் பின்னால், நிழலில், மெல்லிய ஒரு சரடாகச் சின்னக் குமிழிகள் ஏறி வருவது அப்போதுதான் கண்ணில் பட்டது.

பெரியவனுக்கு எப்படிச் சொல்வது? ஒன்று, இரண்டு, மூன்று என்று அவர்கள் வைத்திருந்த கணக்கில், அங்கே இல்லை இங்கே வா என்பதற்குத் தட்டு கிடையாது. கண்டபடி கம்பியை அடித்தாள். கை வலிக்க அடித்தாள். தூர இருந்த தூண்களுக்கு நடுவே பெரியவனின் தலை வெளியே வந்தது.

"முப்பத்தொண்ணு. பின்பக்கம். அது குழாய், அவன் இல்ல."

அவன் மீண்டும் முழுகினான்.

ஹெட்போனை எடுத்து மாட்டிக்கொண்டாள். தக் தக் தக். இடைவெளி. தக் தக். இடைவெளி நீண்டது. தக். ஒற்றைத் தட்டு. நன்றாக இருக்கிறேன் என்று அர்த்தம். அடுத்த இரண்டை அடிக்கக் கை எழவில்லை என்று அவளுக்குத் தெரியும். ஆனாலும் அந்த ஒரு கணம், வெட்கமில்லாமல், அதை நம்பினாள்.

அதற்குப் பிறகு இறால்கள் மட்டும். ஒவ்வொரு வெடிப்பையும் அவனுடையதா என்று பார்த்தாள். நொடிக்கு நூறு வெடித்தன. நூறையும் பார்த்தாள்.

பெரியவன் தம்பியைத் தூக்கிக்கொண்டு வந்தபோது கிரேன்காரரும் இறங்கி வந்திருந்தார். பலகையில் ஒருக்களித்துக் கிடத்தி, மூச்சுக்காக அவள் அந்த ஜிப்பை இறக்கினாள். மல்லாத்தி மார்பை அழுத்தினார்கள். நெடுநேரம் அழுத்தினார்கள். "அண்ணி, போதும்," என்று கிரேன்காரர்தான் கடைசியில் அவள் கையைப் பிடித்தார்.

விசாரணை மூன்று நாள் நடந்தது. மேசைக்குப் பின்னால் இருந்த அதிகாரி பெட்டியைப் போட்டு, தன் சாவிக்கொத்தால் மேசையைத் தட்டி, ஹெட்போனில் கேட்டார். பிறகு பெட்டியை அணைத்துத் தட்டிக் கேட்டார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு, "இதைத் தண்ணியில யாரும் தட்டிப் பாக்கலையா?" என்றார்.

"வீட்டுல சொடுக்கிப் பாத்தோம் சார்," என்றாள் அவள். "கேக்கல. அதுக்குச் சந்தோஷப்பட்டோம்."

பெரியவன் தலை நிமிரவில்லை. வெளியே வந்ததும் படிக்கட்டில் நின்று, "நான் இழுத்தேன்," என்றான். "நான்தான் வரலன்னு சொன்னேன்," என்றாள். அதற்குமேல் அந்தப் பேச்சை இருவரும் எடுக்கவில்லை. எடுத்தால் எது யார் பக்கம் சாயும் என்று இருவருக்குமே பயம். அவன் இப்போது ஒரு கிடங்கில் சரக்கு ஏற்றுகிறான். தண்ணீர்த் தொட்டி நிரம்பும் சத்தம் கேட்டால் எழுந்து வெளியே போய்விடுகிறான்.

விசாரணைக்காக ஒருநாள் அவளை மறுபடி துறைமேடைக்குக் கூட்டிப்போனார்கள். அந்த இடத்துச் சத்தத்தைப் பதிவு செய்ய வேண்டும், மைக் எந்த ஆழத்தில் தொங்கியது என்று அவள் காட்ட வேண்டும். காட்டினாள். ஹெட்போன் வேண்டுமா என்று பதிவு செய்ய வந்தவன் கேட்டான். வாங்கி மாட்டிக்கொண்டாள். கழற்றவில்லை. பிற்பகல் முழுக்க உட்கார்ந்து கேட்டாள். பதிவு செய்ய வந்தவன் மணிக்கு ஒருமுறை, சத்தத்தின் அளவைக் காட்டும் முள் எங்கே நிற்கிறது என்று தாளில் குறித்துக்கொண்டே இருந்தான்.

பொழுது சாய்ந்தபோது, எப்போதும்போல, இறால்களின் சத்தம் சற்றுக் கூடியது.