பத்திரிகையின் முதல் வரி

1957 மார்ச் 4ஆம் தேதி, இலங்கையில் லிந்துலைக்கு மேலே உள்ள ஒரு தேயிலைத் தோட்டத்தின் மேல் பிரிவான மேற்கணக்கில், பழனியாண்டி என்ற தொழிலாளியின் பெயருக்கு இரண்டு கடிதங்கள் வந்தன. ஒன்று ஆங்கிலத்தில் தட்டச்சு செய்யப்பட்டிருந்தது. மற்றதில் இந்தியத் தபால்தலை ஒட்டியிருந்தது.

ஆங்கிலக் கடிதத்தைத் தோட்டப் பள்ளிக்கூடத்து ஆசிரியர் டக்ளஸ் படித்துச் சொன்னார். தனக்கும் மனைவி காளியாயிக்கும் மகள் நாகலெட்சுமிக்கும் சேர்த்துப் பழனியாண்டி 1951இல் போட்ட பிரஜாவுரிமை விண்ணப்பம், ஆறு வருடம் கழித்து விசாரணைக்கு எடுக்கப்பட்டிருந்தது. ஏப்ரல் 10ஆம் தேதி காலை ஒன்பது மணிக்கு மூவரும் நுவரெலியாவில் ஆஜராக வேண்டும். வராவிட்டால் விண்ணப்பம் கைவிடப்பட்டதாகக் கொள்ளப்படும்.

மற்றக் கடிதத்தை நாகலெட்சுமியே படித்தாள். எழுதியவர் அவளுடைய தாய்மாமன் மூக்கன். 1950இல் மனைவியோடு இந்தியாவுக்குப் போய், முசிறிக்குப் பக்கத்தில் வேலங்காட்டுப்பட்டியில் இருக்கிறார். அவருடைய மகன் அழகுமுத்து மட்டும் இங்கேயே தங்கி, கந்தப்பளையில் ஒரு தேயிலை ஸ்டோரில், அதாவது தொழிற்சாலையில், வேலை பார்த்தான். அவனுக்கும் நாகலெட்சுமிக்கும் கல்யாணம் என்பது பேசி முடிந்த விஷயம். எங்கே என்பதுதான் முடியவில்லை.

மூக்கன் அதையும் முடித்து எழுதியிருந்தார். பங்குனிக் கடைசி முகூர்த்தம். வேலங்காட்டுப்பட்டி குலதெய்வம் கோவில். எல்லாரும் புறப்பட்டு வரவும். கடைசி வரி இது: ‘லயத்து வாசலில் தாலி கட்ட என் மகன் நாதியற்றவன் இல்லை.’

லயம் என்றால் அவர்கள் இருக்கும் தோட்டத்து வரிசை வீடு. நாகலெட்சுமி அந்த வரியை இரண்டு தடவை படித்தாள்.

“நாப்பது வருசம் இதே லயத்துல கஞ்சி குடிச்சவருக்கு இப்ப லயம் நாறுதாக்கும்?”

“மாமனப் பத்தி மரியாதயா பேசுடி,” என்றாள் காளியாயி.

“மொதல்ல அவரு மரியாதயா எழுதட்டும்.”

அந்த ஞாயிற்றுக்கிழமை அழகுமுத்து இரண்டு பஸ் மாறி வந்தான். டக்ளஸ் மாஸ்டரையும் கூப்பிட்டிருந்தார்கள். பத்தடிக்குப் பன்னிரண்டடி லயத்து அறையில் ஐந்து பேர் முழங்கால் இடிக்க உட்கார்ந்தார்கள்.

காளியாயிதான் முதலில் தொடங்கினாள். “எங்கண்ணன் இல்லாம எம்மக கழுத்துல தாலி ஏறாது. அம்புட்டுத்தான். நாம போவோம்.”

“போகலாங்க,” என்றார் மாஸ்டர். “பத்தாம் தேதி ஆபீசர் பேர் கூப்பிடுறப்ப நீங்க முசிறியில பந்தி போட்டுக்கிட்டு இருப்பீங்க. ஒங்க விண்ணப்பத்து பைல மூடிருவாங்க. அப்புறம் நீங்க திரும்பி வர்றதுக்கே விசா கேக்கணும்.”

“பொறந்த எடத்துக்கு வர விசாவா?”

“ஆமாங்க. பொறந்த எடத்துக்குத்தான்.”

“அப்ப எங்கண்ணன் இங்க வரட்டும்.”

“அவருக்கும் விசா வேணும்மா. இங்க இருந்து போனவங்களுக்கு லேசுல குடுக்க மாட்டாங்க.”

அழகுமுத்து இலங்கையில் தங்குவதற்கான தற்காலிக வதிவிட அனுமதி ஆவணியோடு முடிகிறது. அவன் போனால் ஸ்டோர் வேலையும் போகும். “அப்ப ஒண்ணு செய்வோம் மாமா,” என்றான் பழனியாண்டியிடம். “கப்பல்ல வெச்சுக்குவோம். தலைமன்னாருல ஏறி தனுஷ்கோடில எறங்கறதுக்குள்ள தாலியக் கட்டிர்றேன். நடுக்கடல்ல எவனும் வந்து ‘எந்த ஊரு’ன்னு கேக்க மாட்டான்.”

மாஸ்டர் சிரித்தார். வேறு யாரும் சிரிக்கவில்லை.

“கிண்டலாடா ஒனக்கு?” காளியாயி அவன் மேல் பாய்ந்தாள். “பெத்தவங்க இல்லாம மாலை போட்டுக்குவியா நீ?”

“இல்லாமத்தான் ஏழு வருசம் இருக்கேன் அத்தே. என்னை விட்டுட்டுப் போனது யாரு? நானா போனேன்?”

நாகலெட்சுமி எழுந்து கதவருகே போய் நின்றாள். “நான் போகல. என் கூட்டாளிக எல்லாம் இங்க இருக்காளுக. நான் கொழுந்து எடுக்குற மலை இங்க இருக்கு. இங்கன்னா கட்டிக்கிறேன். இல்லாட்டி எனக்குக் கல்யாணமே வேணாம்.”

பழனியாண்டி ஐம்பது வயது மனிதர். தேயிலைச் செடியை வெட்டிச் சீராக்கும் கவ்வாத்துக் கத்தி பிடித்துக் காய்த்த கையை முழங்காலில் வைத்துக்கொண்டு எல்லாவற்றையும் கேட்டார். பிறகு, “இங்கயே வெப்போம். மாரியம்மன் கோவில்ல,” என்றார். காளியாயி மூன்று நாள் அவருக்குச் சோறு போட்டாள், பேசவில்லை.

கல்யாணம் மே 26, ஞாயிற்றுக்கிழமை என்று முடிவானது. விசாரணைக்கு இன்னும் ஒரு மாதம் இருந்தது. வேலை முடிந்த சாயங்காலங்களில் மாஸ்டர் பள்ளிக்கூடத்தில் பழனியாண்டியை உட்காரவைத்து, இலங்கையிலேயே நிலைத்திருக்கும் எண்ணம் தெரியும்படி பதில் சொல்லப் பழக்கினார். மாஸ்டர்தான் அதிகாரி.

“ஒங்க ஊர் எது?”

“முசிறிங்க.”

“போச்சு. நீங்க முசிறியப் பாத்திருக்கீங்களா?”

“இல்லீங்க. எங்க ஐயா வந்த ஊரு.”

தோட்டத்தில் ‘ஊர்’ என்றால் இந்தியா. ஊருக்குப் போகிறான் என்றால் கடல் தாண்டுகிறான் என்று பொருள். இங்கே பிறந்தவர்களும் அப்படித்தான் சொன்னார்கள். இருப்பதற்குத் தோட்டம், சொல்லிக்கொள்வதற்கு ஊர். அந்தச் சொல்லை அதிகாரி முன்னால் வாயில் வராமல் தடுப்பதற்கு மாஸ்டருக்கு மூன்று வாரம் பிடித்தது.

“ஊர் எது?”

“லிந்துலைங்க.”

“சொந்த ஊர்?”

“அதுவும் லிந்துலைதாங்க.”

கல்யாணப் பத்திரிகைக்கும் மாஸ்டரே வாசகம் எழுதிக் கொடுத்தார். பழனியாண்டி அதைத் தலவாக்கலையில் ஓர் அச்சுக்கூடத்தில் கொடுத்துவிட்டு வந்தார். ஏப்ரல் 9ஆம் தேதி சாயங்காலம் நூறு பத்திரிகைகளும் கட்டாக வந்தன. நாகலெட்சுமி மேலே இருந்ததை எடுத்தாள். தன் பெயரைத் தேடினாள். கீழே ‘மேற்கணக்கு ஸ்ரீ மாரியம்மன் ஆலயத்தில்’ என்ற வரியை விரலால் தடவினாள்.

“அப்பா, நாளைக்கு இதுல ஒண்ணக் கொண்டு போங்க. கல்யாணத்துக்குக்கூட நாங்க இந்தியாவுக்குப் போகலன்னு காட்டுங்க. இதவிட என்ன சாட்சி வேணும் அவங்களுக்கு?”

மறுநாள் விசாரணை அறையில் ஒரு மேசை, அதிகாரி, மொழிபெயர்ப்பாளர். காளியாயியும் நாகலெட்சுமியும் சுவரோரம் நின்றார்கள். அதிகாரி குரலை உயர்த்தாதவர். மொழிபெயர்ப்பாளர் எல்லாக் கேள்வியையும் ‘நீ’ என்றே கேட்டார்.

“நீ பிறந்தது எங்கே?”

“மேக்கணக்குலங்க. 1907. தோட்டத்துல குடுத்த பொறப்புத் துண்டு இருக்குங்க.”

“சொந்த ஊர்?”

“லிந்துலைங்க.”

“இந்தியாவுக்குப் போயிருக்கிறாயா?”

“ஒரு தடவகூட இல்லீங்க.”

“மகளுக்குக் கல்யாணம் செய்தால் எங்கே செய்வாய்?”

பழனியாண்டி கோட்டுப் பைக்குள் கையை விட்டார். அந்தக் கேள்விக்காகவே காத்திருந்தவர்போல் பத்திரிகையை இரண்டு கையாலும் நீட்டினார். அதிகாரி அதை மொழிபெயர்ப்பாளரிடம் தள்ளினார். மொழிபெயர்ப்பாளர் முதல் வரியைத் தமிழில் உரக்கப் படித்தார்.

“திருச்சி ஜில்லா, முசிறி தாலுகா, வேலங்காட்டுப்பட்டி, பெ. பழனியாண்டி.”

பிறகு ஆங்கிலத்தில் சொன்னார். அதிகாரி எழுதுவதை நிறுத்திவிட்டு நிமிர்ந்தார்.

“இது யார்?”

“நாந்தாங்க.”

“நீ அந்த ஊரைப் பார்த்ததே இல்லை என்றாயே.”

“பாத்ததில்லீங்க.”

“பார்க்காத ஊரை ஏன் போட்டாய்?”

“போடணும்ங்க. போடாட்டி நாங்க இன்னாருன்னு தெரியாதுங்க.”

“யாருக்குத் தெரியாது?”

“எங்க ஆளுகளுக்குங்க.”

அதிகாரி இரண்டு வரி எழுதினார். பத்திரிகையைக் கோப்பில் குத்திக்கொண்டார். கல்யாணம் எங்கே நடக்கிறது என்ற வரியை யாரும் படிக்கவில்லை. நாகலெட்சுமி, “கீழயும் படிங்க” என்றாள். மொழிபெயர்ப்பாளர், “கேட்டால் மட்டும் பேசு” என்றார்.

பஸ் நிலையத்தில் வைத்து அவள் அப்பாவைப் பிடித்துக்கொண்டாள். “மாஸ்டரு எழுதுன தாள்ல அந்த வரி இல்ல. யாரு போடச் சொன்னா?”

“அச்சுக்கூடத்துல கேட்டான் ஆயி. ‘பொண்ணு வீட்டுக்காரங்க எந்த ஊரு, எடம் வெறுமையாக் கெடக்கே’ன்னான்.”

“நீங்க என்ன சொன்னீங்க?”

“எப்பவும் சொல்றதச் சொன்னேன்.”

“மூணு வாரம்! கிளிப்பிள்ளைக்குச் சொல்ற மாதிரி மூணு வாரம் சொன்னாரே அந்த மனுசன்!”

“ஆபீசரு கேட்டா லிந்துலைன்னு சொல்லச் சொன்னாரு. சொன்னேன்ல? அச்சுக்காரன் ஆபீசரா?” பழனியாண்டிக்கும் கோபம் வந்துவிட்டது. “எங்க ஐயா பத்திரிகைல இருந்துச்சு, எம் பத்திரிகைல இருந்துச்சு. அது இல்லாம எவன் என்னைய மதிப்பான்? தெருவுல கெடந்தவன்னு நெனைக்க மாட்டான்?”

“இப்ப மட்டும் யாரு மதிச்சா? ‘நீ, நீ’ன்னு கேட்டானே, அதுவா மதிப்பு?”

“அவரை ஏசாதடி,” என்றாள் காளியாயி. புருஷனுக்காக அவள் பேசியது ஒரு மாதத்தில் அதுதான் முதல் தடவை. “நீயுந்தான படிச்ச? அஞ்சாம் வகுப்பு படிச்சவ. நீ பாக்கலயா?”

பஸ்ஸுக்குள் ஏறிய பிறகுதான் நாகலெட்சுமி, “எம் பேரத் தேடுனேன்,” என்றாள்.

வீட்டுக்கு வந்ததும் மாஸ்டரிடம் மைக்கூட்டையும் பேனாவையும் வாங்கி வந்தாள். மிச்சமிருந்த தொண்ணூற்றொன்பதையும் தரையில் அடுக்கினாள். ஒவ்வொன்றிலும் முதல் வரியின் மேல் கோடு போட்டாள். ஒரு கோடு போதாதென்று இரண்டாவதும் போட்டாள். பேனா முள் காகிதத்தைக் கிழித்தது.

“கல்யாணப் பத்திரிகைல அடிக்காத ஆயி. நல்லதில்ல,” என்றார் பழனியாண்டி.

“எது நல்லதில்ல? இத அடிக்கிறதா? நம்ம பேரயே இந்த நாட்டுலருந்து அடிச்சாங்களே, அதா?”

அவர் வெளியே போய்விட்டார். அடிக்கப்பட்டதில் ஒன்றை அவள் மூக்கனுக்குத் தபாலில் அனுப்பினாள். மூக்கன் பதில் எழுதவில்லை.

மே 26ஆம் தேதி மேற்கணக்கு மாரியம்மன் கோவிலில் கல்யாணம் நடந்தது. கந்தப்பளையிலிருந்து ஸ்டோர் தொழிலாளர்கள் பதினோரு பேர் வந்தார்கள். இந்தியாவிலிருந்து யாரும் வரவில்லை. மாப்பிள்ளையின் தகப்பன் நிற்க வேண்டிய இடத்தில் டக்ளஸ் மாஸ்டர் நின்றார்.

ஜூன் 18ஆம் தேதி தபாலில் ஆங்கிலக் கடிதம் வந்தது. இலங்கையில் நிரந்தரமாகக் குடியிருக்கும் நோக்கம் நிரூபிக்கப்படாததால் பழனியாண்டி, காளியாயி, நாகலெட்சுமி ஆகியோரின் விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டிருந்தது. அதனுடன் அதிகாரி கோப்பில் குத்திக்கொண்ட திருமணப் பத்திரிகையும் இணைத்துத் திருப்பி அனுப்பப்பட்டிருந்தது.