ஒரு படி கீழே

நகரும் படிக்கட்டு விற்கிறவர்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. வாங்க வந்தவரோடு ஏறும்போது அவருக்கு ஒரு படி கீழேதான் நிற்பார்கள். இறங்கும்போதும் ஒரு படி கீழே, அதாவது அவருக்கு முன்னால். ஆள் தடுமாறினால் தாங்கிக்கொள்ள வேண்டும் அல்லவா? இதை யாரும் சொல்லிக் கொடுப்பதில்லை. தொழிலுக்கு வந்த கொஞ்ச நாளிலேயே கால் தானாக அந்தப் படியைத் தேடிக்கொள்ளும். அக்காவுக்கு இது எவ்வளவு ஊறிப்போயிருந்தது என்றால், சொந்தக்காரர் வீட்டு மாடிக்குக்கூட எல்லாரையும் ஏறவிட்டுக் கடைசியாகத்தான் ஏறுவாள். “என்னடி, இந்த வயசுலயே மூச்சு வாங்குதா?” என்று சித்தி கிண்டல் செய்வாள்.

அக்கா என்று அவளைக் கூப்பிடுவது உண்மையில் ஒரே ஒரு தம்பிதான். ஆனால் அவன் போகிற இடமெல்லாம் “எங்க அக்கா, எங்க அக்கா” என்று முழங்கியதில், தொழிற்சாலைக்காரர்கள் முதல் லாரிக்காரர்கள் வரை எல்லாருக்கும் அவள் அக்காவாகிவிட்டாள். அவள் விற்பாள், தம்பி அளவெடுப்பான். நிறுவனம் என்று சொல்லிக்கொள்வது ஒரு அறை, இரண்டு மேஜை, மழை பெய்தால் ஓரமாகச் சொட்டும் ஒரு கூரை. அவ்வளவுதான்.

அந்த வருடம் சந்தை படுத்தே விட்டது. படிக்கட்டு செய்யும் தொழிற்சாலை தன் முகவர்களுக்கு வருடா வருடம் அனுப்பும் சந்தை நிலவரம் என்கிற வழவழப்பான புத்தகம் அதைச் சிரித்த முகத்தோடு சொன்னது. விமான நிலையங்களிலும் பெரிய ஆஸ்பத்திரிகளிலும் நகரும் நடைபாதைக்கு ஏக கிராக்கியாம். கடைகளில் நகரும் படிக்கட்டு போடுவது குறைந்துகொண்டே வருகிறதாம். ஜனங்கள் படுத்த இடத்திலிருந்தே போனில் வாங்கிவிடுகிறார்களாம். கடைசிப் பக்கத்தில் பொடி எழுத்தில் ஒரு வரி: இந்த ஆண்டு ஒரு இயந்திரமும் விற்காத முகவர்களின் உரிமை புதுப்பிக்கப்படாது.

“விமான நிலையத்துக்காரன் நம்ம வாசல்ல வந்து நிக்கவா போறான்?” என்று தம்பி புத்தகத்தை மூடி அதன்மேல் டீ கிளாஸை வைத்தான். அக்கா சிரித்தாளே தவிர, அந்தப் பொடி எழுத்து வரி மனசை விட்டுப் போகவில்லை. அந்த வருடம் அதுவரை அவர்கள் ஒன்றுகூட விற்றிருக்கவில்லை. உரிமை போனால் அவளுக்கு வேறு தொழில் தெரியாது. தம்பிக்கோ கோபப்படுவதைத் தவிர வேறெதுவும் தெரியாது.

அந்த நேரத்தில்தான் வீட்டுச் சாமான் கடை அகப்பட்டது. சட்டி, பானை, வாளி, அடுப்பு என்று கீழ்த்தளம் முழுக்க அடைந்து கிடக்க, முதலாளி மேலே ஒரு தளம் எழுப்பிக்கொண்டிருந்தார். மேலே ஏற ஒரு நகரும் படிக்கட்டு வேண்டும், ஏறுவதற்கு மட்டும். “வாங்கினவன் சந்தோஷமா நடந்தே இறங்குவான்,” என்பது அவர் வாதம். பெரும்பாலான கடைக்காரர்களின் வாதமும் அதுதான். அந்த ஆர்டருக்குப் போட்டி போட்டது இரண்டே பேர். ஒன்று அக்கா, இன்னொன்று எலுமிச்சை.

எலுமிச்சை வேறொரு நிறுவனத்தின் முகவர். அக்காவைவிடப் பத்துப் பன்னிரண்டு வயது மூத்தவர். முகம் எப்போதும் புளித்தே இருக்கும் என்பதால் தம்பி வைத்த பெயர் அது. நேரில் மட்டும் “சார்.” பல வருடமாக அக்கா கதவைத் தட்டும் கடையிலெல்லாம் அவர் முன்னாலேயே உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருப்பார். இந்த முறை அக்கா சொன்ன விலை குறைவு. ஆர்டர் அவளுக்கே வந்தது. தம்பி அன்றைக்குத் தெருவில் போகிறவர்களுக்கெல்லாம் டீ வாங்கிக் கொடுக்காத குறைதான்.

தொழிற்சாலையில் இரும்பு வெட்டும் நாள் வந்தது. நகரும் படிக்கட்டு சட்டை மாதிரி கிடையாது. பெரிது, சின்னது என்று செய்து அடுக்கிவைக்க முடியாது. இந்தக் கட்டடத்துக்கு இந்த உயரம் என்று அளவு கொடுத்து வெட்டினால் அது அந்தக் கட்டடத்துக்கு மட்டும்தான். அளவு பிசகினால் பழைய இரும்புக் கடைதான் கதி. சாயங்காலம் வெட்டப்போகிறோம் என்று காலையில் தகவல் வந்தது. அக்கா நிம்மதியாக ஒரு டீ போட்டுக் குடிக்க உட்கார்ந்தபோது போன் அடித்தது. எலுமிச்சை.

“ஏம்மா, அந்தக் கடைக்கு உயரம் என்ன குடுத்தீங்க?”

“அதெல்லாம் எதுக்கு சார் உங்களுக்கு?”

“உங்க உயரம் என்னோடத விட நாலு விரல் கம்மின்னு கடை மேனேஜர் சொன்னான். மேல கல்லு போடுறதா எங்கிட்ட சொன்னாங்க. அந்தக் கணக்கைச் சேத்தீங்களா இல்லையா? சேக்கலன்னா வெட்டுறதுக்கு முன்னாடி நிறுத்துங்க. அவ்வளவுதான். வெச்சிடறேன்.”

வைத்தும்விட்டார். அக்கா சொன்னதைக் கேட்டதும் தம்பிக்குத் தலைமுடி வரை கோபம் ஏறியது.

“பாத்தியாக்கா அந்த ஆளோட வேலைய! மேல கல்லே கிடையாது. பிளாஸ்டிக் விரிப்புதான்னு முதலாளியே தன் வாயால சொன்னாரு. இன்னைக்கு நாம நிறுத்தினா முறை போயிடும், வரிசையில கடைசியில நிக்கணும். கடை திறக்குற தேதிக்கு மிஷின் வராது. முதலாளி ‘உங்க சகவாசமே வேணாம்’னுவாரு. அப்புறம் ஆர்டர் யாருக்குப் போகும்? நம்ம காதுல பூ சுத்தறான்க்கா!”

அவன் சொல்வதிலும் நியாயம் இருந்தது. நிறுத்தினால் ஆர்டர் போகலாம், அதோடு உரிமையும் போகலாம். நிறுத்தாமல் விட்டு, எலுமிச்சை சொன்னது உண்மையாக இருந்துவிட்டால்? அக்கா டீயை அப்படியே வைத்துவிட்டு எழுந்தாள்.

“டேப்பை எடு. நேர்ல பாத்துடலாம்.”

“என் அளவு மேல நம்பிக்கை இல்லையா உனக்கு?”

“உன் மேல இருக்கு. அந்த ஆள் போன் பண்ணினாரே, அதுதான் உறுத்துது. பொய் சொல்றவரு இப்படிப் படக்குனு போனை வெப்பாரா? இழுத்து இழுத்துப் பேச மாட்டாரு?”

வழியெல்லாம் தம்பி ஸ்கூட்டரை மேடு பள்ளம் பார்க்காமல் விட்டான். கடையில் போய் இறங்கியதும் விறுவிறுவென்று மேலே ஏறி, மேல்தள விளிம்பிலிருந்து டேப்பை நேராகக் கீழே விட்டான். அக்கா கீழே அதன் நுனியைத் தரையில் பிடித்தாள். அவன் எண்ணைப் படித்தான். கொடுத்த அளவேதான், மயிரிழை மாறவில்லை.

“இப்ப சொல்லு! யாரு சரி?” என்று மேலிருந்து கத்தினான். சட்டி அடுக்கிக்கொண்டிருந்த பெண்கள் எல்லாம் நிமிர்ந்து பார்த்தார்கள்.

அக்காவுக்குப் பாதி உயிர் வந்தது. மீதிப் பாதி வரவில்லை. டேப் நுனியைப் பிடித்திருந்த தன் விரலைப் பார்த்தாள். விரலுக்கு அடியில் பளபளவென்று மெருகேற்றிய கல். மேலே அவன் நிற்பதோ சொரசொரவென்ற வெறும் கான்கிரீட். அவள் படியேறிப் போனாள். மேல்தளத்தின் பின் மூலையில் நீலத் தார்ப்பாய் போர்த்தி ஏதோ குவித்து வைத்திருந்தது. தூக்கிப் பார்த்தாள். கல். கீழே போட்டிருக்கும் அதே கல், அடுக்கடுக்காக.

“இது எதுக்குங்க?” என்று அங்கே மணல் சலித்துக்கொண்டிருந்தவரைக் கேட்டாள்.

“இந்தத் தளத்துக்குத்தாம்மா. முதல்ல விரிப்புன்னாங்க. அடுப்பையும் இரும்பு அலமாரியையும் இழுத்தா விரிப்பு கிழிஞ்சு நாராயிடும்னு முதலாளி வீட்டம்மா ஒரே பிடியா நின்னுட்டாங்க. அடுத்த வாரம் பதிக்கிறோம்.”

அக்கா ஒரு கல்லை எடுத்து விளிம்பில் வைத்தாள். அடியில் போடும் கலவைக்கும் சேர்த்துக் கையால் அளந்தாள். நாலு விரல். தம்பி பக்கத்தில் வந்து நின்று பார்த்தான். அவன் முகத்தில் இருந்த ரத்தமெல்லாம் வடிந்துபோனது.

“படிக்கட்டு வந்து சேர்ந்திருந்தா, மேல நாலு விரல் பள்ளமா நின்னிருக்கும்க்கா,” என்றான் மெதுவாக. “ஏறி வர்ற ஒவ்வொருத்தரும் அங்க தடுக்கி விழுந்திருப்பாங்க.”

அக்கா அதற்குள் தொழிற்சாலைக்குப் போன் போட்டிருந்தாள். இன்னும் வெட்ட ஆரம்பிக்கவில்லை. திருத்திய வரைபடம் உடனே வந்தால் முறை போகாது, கையிலிருக்கும் இரும்பிலேயே வெட்டிவிடலாம் என்றார்கள். தம்பி அந்தக் கல் அடுக்கின் மேலேயே மடிக்கணினியை வைத்து வரைந்தான். அவசரத்தில் இரண்டு தடவை அழித்து வரைந்தான். அனுப்பி, கிடைத்தது என்று பதில் வந்த பிறகுதான் அக்கா உட்கார்ந்தாள். உட்கார்ந்ததும் கண்ணில் தண்ணீர் முட்டிக்கொண்டு வந்தது. அந்தப் புளித்த முகம்தான் கண் முன்னால் நின்றது. நல்லா இருக்கணும் அந்த மனுஷன் என்று வாய்விட்டே சொன்னாள். தம்பி, “ம்,” என்றான். அவனிடமிருந்து அது பெரிய வார்த்தை.

சத்தம் கேட்டு முதலாளி மேலே வந்தார். அளவை மறுபடி சரிபார்க்க வந்ததாகச் சொன்னதும் அவருக்குப் பெருமை பிடிபடவில்லை. “இப்படி வந்து வந்து பாக்குறவங்க யாரு இருக்காங்க! உங்ககிட்ட குடுத்தது சரியாப் போச்சு,” என்றார். சும்மா தலையாட்டிவிட்டு வந்திருக்கலாம். அக்காவுக்கு மனசு வரவில்லை.

“நாங்களா வரல முதலாளி. கல்லு மாறினது எங்களுக்குத் தெரியாது. எங்களோட போட்டிக்கு வந்தாரே, அவர்தான் போன் பண்ணிச் சொன்னாரு.”

முதலாளி அவளை ஒரு பார்வை பார்த்தார். “ஆர்டர் கிடைக்காத ஆளா சொன்னாரு?” என்று கேட்டுவிட்டுச் சிரித்தார். “சரிதான். திறப்பு அன்னைக்கு அவரையும் கூப்பிடணும்.”

மறுநாள் அக்கா ஒரு கூடை பழத்தோடு எலுமிச்சையின் அலுவலகத்துக்குப் போனாள். மாடியில் இருந்தது அலுவலகம். நகரும் படிக்கட்டு விற்கிறவருக்கு வாய்த்ததோ ஒருக்களித்து ஏற வேண்டிய குறுகல் படி. அவர் ஒரு காலை நீட்டி ஸ்டூல்மேல் வைத்து உட்கார்ந்திருந்தார். முழங்காலில் பெரிய கட்டு, பக்கத்தில் ஒரு தடி.

“ஆபரேஷன். அதைப் பத்தி எதுக்கு?” என்றார் அவள் கேட்குமுன்.

“சார், நீங்க மட்டும் சொல்லலன்னா…”

“உனக்காகவா சொன்னேன்? ஒரு மிஷின் கோணலா நின்னு நாலு பேர் விழுந்தாங்கன்னு வை, அந்தத் தெருவுல அடுத்தடுத்துக் கடை கட்டுறவன் எல்லாம் ‘லிஃப்ட்டே போதும்’னு போயிடுவான். ஏற்கெனவே சந்தை கிடக்குற கிடைக்கு, நீ விழுந்தா நானும் சேந்துதான் விழணும். அடுத்த ஆர்டர் நான்தான் எடுப்பேன், பாத்துக்க. பழத்தை அந்தப் பக்கம் வை.”

அவள் வைத்தாள். கும்பிட்டாள். அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டு ஜன்னலைப் பார்த்தார். இப்படி ஒரு மனிதருக்கு எப்படித்தான் நன்றி சொல்வது என்று அவளுக்குப் புரியவில்லை.

கடை திறந்த அன்று ஒரே ஜனத்திரள். படிக்கட்டு எண்ணெய் மினுக்கோடு சத்தமில்லாமல் மேலே போய்க்கொண்டிருந்தது. பிள்ளைகள் ஏறுவதும், ஓடி இறங்கி மறுபடி ஏறுவதுமாக இருந்தார்கள். எலுமிச்சை தடியை ஊன்றிக்கொண்டு கீழே ஓரமாக நின்றார். முதலாளி மேலே கூப்பிட்டார். “பரவாயில்ல, நான் கீழயே நிக்கிறேன்,” என்றார் எலுமிச்சை. முதலாளி கூட்டத்தோடு மேலே போய்விட்டார்.

அக்கா அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் படிக்கட்டின் வாய்க்குப் போனார். தடியை முன்னே வைத்தார், எடுத்தார். மறுபடி வைத்தார், எடுத்தார். எத்தனை கடையில் எத்தனை பேரை “பயப்படாம காலை வைங்க” என்று ஏற்றிவிட்டவர்! அவருக்கு இப்போது பயமாக இருந்தது. பின்னால் இரண்டு பேர் பொறுமை இழந்து அவரைச் சுற்றிக்கொண்டு ஏறினார்கள். அவர் யாராவது பார்த்தார்களா என்று திரும்பிப் பார்த்தார்.

அக்கா பக்கத்தில் போனாள்.

“ஏறுங்கண்ணே.”

அவர் நிமிர்ந்து பார்த்தார். அவள் அதுவரை அவரை சார் என்றுதான் கூப்பிட்டிருக்கிறாள்.

“நான் ஒரு படி கீழ நிக்கிறேன்,” என்றாள்.

அதற்குமேல் விளக்கம் அவருக்குத் தேவையில்லை. கைப்பிடியைப் பிடித்துக் காலை வைத்தார். அவள் அவருக்குப் பின்னால் ஒரு படி கீழே ஏறி நின்றாள். அவர் முதுகு கொஞ்சம் ஆடியது, பிறகு நிலைத்தது. மேலே நெருங்க நெருங்க அவர் கண் படிக்கட்டு முடிந்து தரை தொடங்கும் இடத்திலேயே இருந்தது. தடியின் நுனி விளிம்பில் இருந்த இரும்புப் பல் வரிசையைக் கடந்து கல்மேல் போனது. எங்கும் தட்டவில்லை.

“கல்லு கணக்கு சரியா இருக்கு,” என்றார்.

“நீங்க போட்ட கணக்குண்ணே,” என்றாள். “நாலு விரல் பள்ளம் இருந்திருந்தா இந்நேரம் உங்க தடிதான் முதல்ல அதுல தட்டியிருக்கும்.”

அவர் தடியால் அந்த விளிம்பை இரண்டு தரம் தடவிப் பார்த்தார். பிறகு மூக்கை உறிஞ்சிக்கொண்டார். தம்பி எங்கிருந்தோ ஓடிவந்து ஒரு நாற்காலி போட்டு, “உக்காருங்க சார்,” என்றான். அவர் உட்காரவில்லை. கீழே போகும் சாதாரணப் படிக்கட்டைப் பார்த்தார். அது செங்குத்தாக, நீளமாக இறங்கியது.

“முதலாளி!” என்று அந்தத் தளமே திரும்பும்படி கூப்பிட்டார். “ஏத்தி விட்டுட்டீங்க. என்னை மாதிரி ஆளுங்க எப்படி இறங்குறது? ஏறுறதை விட இறங்குறப்பதான் முட்டி உயிர் போகும். வயசானவங்க ஒரு தரம் வந்து வலியோட இறங்கினா மறுபடி இந்தப் பக்கம் எட்டிப் பாப்பாங்களா?”

முதலாளி வாயைத் திறப்பதற்குள் முதலாளி வீட்டம்மா முந்திக்கொண்டார். “நான் அன்னைக்கே சொன்னேன், கேட்டாரா? எனக்கும் அதே முட்டிதான்! சார், இறங்குறதுக்கும் ஒண்ணு போடுங்க. நாளைக்கே வந்து அளவெடுங்க.”

எலுமிச்சை அக்காவைத் திரும்பிப் பார்த்தார். “சொன்னேன்ல? அடுத்தது நான்தான்,” என்றார். அந்தப் புளித்த முகத்தில் ஒரு சிரிப்பு எட்டிப் பார்த்ததை அன்றைக்குத்தான் அவள் முதன்முதலாகக் கண்டாள். அவளுக்கும் சிரிப்பு வந்தது. அந்த ஆர்டர் தனக்கு வரவில்லையே என்று ஒரு துளிகூடத் தோன்றாதது அவளுக்கே ஆச்சரியமாக இருந்தது.

“அந்த மிஷின் வர்ற வரைக்கும் எப்படிண்ணே இறங்குவீங்க?” என்றாள்.

அவர் படிக்கட்டைப் பார்த்தார், அவளைப் பார்த்தார். அக்கா முன்னால் போய் ஒரு படி இறங்கி நின்று தோளைக் காட்டினாள். அவர் தடியைத் தம்பியிடம் கொடுத்துவிட்டு, அவள் தோளில் கையை வைத்து இறங்க ஆரம்பித்தார்.