ஆறு நிமிஷம் இருபது வினாடி

சாதுவின் பெரிய குறை, அவன் ஒரு பாவமும் செய்யாமல் வளர்ந்துவிட்டதுதான். ஹெவி மெட்டல் கிட்டார் வாசிக்கிறவனுக்கு இது எத்தனை பெரிய தொந்தரவு என்று வெளியே இருப்பவர்களுக்குப் புரியாது. முதுகு மறைக்கும் முடி, கறுப்புச் சட்டை, சட்டையில் மண்டையோட்டை மிதித்து நிற்கும் சிலுவை. எல்லாம் சரி. ஆனால் அந்தச் சட்டையை இஸ்திரி போட்டுக் கொடுப்பது அவன் அம்மா. பகலில் மூக்குக் கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்க்கிற வேலை. சிகரெட் புகை பட்டால் தும்முவான். பள்ளிக்கூடத்தில் வைத்த சாது என்ற பட்டப்பேரே நிலைத்து, சொந்தப் பேர் சம்பளப் பட்டியலில் மட்டும் பிழைத்துக் கிடந்தது.

அவனும் இன்னும் மூன்று பேரும் சேர்ந்த குழுவுக்கு ‘ஏழாம் எக்காளம்’ என்று பைபிளிலிருந்து எடுத்த பேர். பாடுகிறவனை எல்லோரும் கர்ஜனை என்றே கூப்பிடுவார்கள். அடிவயிற்றிலிருந்து உறுமுவான். கேட்கிறவர்களுக்குப் பேய் பிடித்தமாதிரி இருக்கும். எழுதி வைத்ததைப் படித்துப் பார்த்தால், ‘இரக்கமுள்ளவரே, என் கையை விடாதேயும்’ என்றுதான் இருக்கும். பகலில் அவன் குழந்தைகளுக்கான பல் ஆஸ்பத்திரியில் டோக்கன் கொடுக்கிறவன்.

அவர்கள் வாசிக்கிற ஜெபக் கூட்டங்களில் மூன்றாவது பாட்டு முடிந்ததும் யாராவது சாட்சி சொல்ல வேண்டும். கோர்ட்டில் சொல்கிற சாட்சி இல்லை. நான் இப்படியெல்லாம் கெட்டுப்போனேன், கர்த்தர் என்னை இப்படித் தூக்கியெடுத்தார் என்று மைக்கைப் பிடித்துக்கொண்டு அழுவது. டிரம்ஸ் வாசிப்பவனுக்குக் குடி இருந்தது. பேஸ் கிட்டார்காரன் சைக்கிள் திருடி மூன்று நாள் உள்ளே இருந்தவன். மேடையில் அது மூன்று வருஷமாக ஓடியது. சாதுவிடம் என்ன இருந்தது? ஒரு தனி வாசிப்பு இருந்தது. ஆறு நிமிஷம் இருபது வினாடி. நாலு வருஷம், சமையலறை மேசையில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு, சுரம் சுரமாக அவன் கட்டியது.

அந்த வாசிப்பு ஆரம்பித்தால் போதும், ஜனங்கள் டீ குடிக்கக் கிளம்பிவிடுவார்கள். திரும்பி வரும்போது கடைசிச் சுரம் அடங்கிக்கொண்டிருக்கும்.

“உன்னை யாரு நம்புவா?” என்றான் கர்ஜனை. “சாட்சி இல்லாதவன் வாசிச்சா அது வெறும் சத்தம்டா. நீயும் ஏதாவது சொல்லு.”

“நான் என்னத்தடா பண்ணேன்?”

“யோசி. ஏதாவது பண்ணியிருப்ப.”

சாது மூன்று நாள் யோசித்தான். “நூலகத்துப் புஸ்தகம் ஒண்ண ரெண்டு வருஷம் திருப்பிக் குடுக்கலடா” என்றான்.

“இதச் சொன்னா அந்த நூலகர்கூட அழமாட்டாரு” என்றான் கர்ஜனை.

அப்புறம் ஒரு கூட்டத்தில் பேஸ் கிட்டார்காரனுக்குத் தொண்டை கட்டிக்கொண்டது. மைக்கைச் சாதுவின் கையில் திணித்தார்கள். எதிரே ஐந்நூறு முகங்கள். அவனுக்கு நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. ஒட்டிய நாக்கு பிரிந்தபோது சொந்தமாக ஏதோ பேசத் தொடங்கியிருந்தது. இந்தக் கிட்டாருக்காக அம்மாவின் தையல் மெஷினைத் திருடி விற்றேன் என்றது. முன்வரிசையில் ஒருத்தி விசும்பினாள். தடுக்க வந்த அம்மாவைத் தள்ளினேன் என்றது நாக்கு. மண்டபமே விம்மியது. விழுந்ததில் அம்மாவின் மணிக்கட்டு ஒடிந்தது, இன்றைக்கும் அந்தக் கை கோணல்தான் என்று முடித்துவிட்டு, வேறு என்ன செய்வதென்று தெரியாமல் கிட்டாரை எடுத்து வாசித்தான்.

ஒருவர்கூட டீ குடிக்கப் போகவில்லை. ஆறு நிமிஷம் இருபது வினாடியும் கண்ணை மூடிக் கேட்டார்கள். அட பாவி, அங்கேதான் அவன் கவிழ்ந்தான். அந்த அமைதியை ஒரு தரம் கேட்டவனுக்கு அப்புறம் அது இல்லாமல் வாசிக்க மனசு வராது.

அம்மாவின் மணிக்கட்டு கோணல்தான், அது உண்மை. அவனுடைய பதினைந்தாவது வயதில், முதல் போட்டிக்குப் போகும்போது, “விரல்ல ஏதாவது பட்டுடும், நீ கிட்டார மட்டும் எடுத்துக்கோ” என்று ஆம்ப்ளிஃபயரைத் தானே தூக்கிக்கொண்டு போனாள். படிக்கட்டில் கால் தடுக்கியது. ஒடிந்த கையை முந்தானையில் சுற்றி மடியில் வைத்துக்கொண்டு, அவன் வாசித்து முடிக்கும்வரை முதல் வரிசையில் உட்கார்ந்திருந்துவிட்டு, அதற்குப் பிறகுதான் ஆஸ்பத்திரிக்குப் போனாள். தாமதமாகக் கட்டுப் போட்டதால் எலும்பு கோணலாகச் சேர்ந்தது. தையல் மெஷின் அந்த வீட்டில் இருந்ததே இல்லை. அம்மாவுக்கு ஊசியில் நூல் கோர்க்கவே வராது.

ஒரு வருஷத்தில் சாட்சி பிரமாதமாக வளர்ந்தது. மூன்று நிமிஷம் நாற்பது நிமிஷமானது. கேமராக்காரர்கள் வந்தார்கள், ஊர் ஊராகக் கூப்பிட்டார்கள். “நேரம் பத்தல பிரதர், அந்தக் கிட்டாரக் கொஞ்சம் சுருக்கிக்கோங்க” என்று கேட்கக் கேட்க, தனி வாசிப்பு ஒரு நிமிஷம் பத்து வினாடிக்குத் தேய்ந்தது. எதற்காகப் பொய் சொல்ல ஆரம்பித்தானோ, அதையே பொய் தின்றுகொண்டிருந்தது.

அப்படி இருக்கும்போது அம்மாவின் சபையிலிருந்தே அழைப்பு வந்தது. அது அம்மா நாற்பத்தொரு வருஷமாக ஞாயிறு பள்ளி நடத்துகிற சபை. அங்கே அவன் ஒரே ஒரு தரம், கிட்டார் ஓசையைக் கரகரக்க வைக்கிற டிஸ்டார்ஷன் பெடலை மிதித்தபோது, ஒயர் எரிகிறது என்று ஓடிப்போய் மெயின் சுவிட்சை அணைத்த போதகர்தான் இப்போது கூப்பிட்டார். அவர் அந்தச் சாட்சியை வீடியோவில் பார்த்திருந்தார். அம்மா பார்த்ததில்லை, அவளுக்குப் போன் என்றால் பேசுவதற்கு மட்டும்தான்.

“நம்ம சபையிலயே வாசிக்கப் போறியாடா!” என்று அம்மா கறுப்புச் சட்டைக்கு இரண்டு தரம் இஸ்திரி போட்டாள்.

அவள் முகத்தைப் பார்த்து அவன் முடிவு பண்ணினான். உண்மையை மேடையிலேயே போட்டு உடைத்துவிட வேண்டியதுதான். ஜனங்கள் துப்பினாலும் சரி, அம்மா வேறு யார் வாயாலும் இதைக் கேட்கக் கூடாது. ஆனால் முந்தின வாரம் வீட்டிலேயே சொல்லியிருக்கலாமே? அதற்குத் தைரியம் வரவில்லை, அவ்வளவுதான்.

கூட்டம் சாயங்காலம் நாலு மணிக்கு. அம்மா முதல் வரிசையில் உட்கார்ந்தாள். வந்தவர்கள் எல்லாம் அவள் கோணல் கையைத் தொட்டுத் தொட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். மூட்டுவாதத்தைத்தான் விசாரிக்கிறார்கள் என்று நினைத்து, “இப்பப் பரவால்ல” என்று அம்மா சொல்லிக்கொண்டிருந்தாள். மூன்றாவது பாட்டின்போது ஒரு லாரி டிரைவர் வந்து அவள் முன்னால் குந்தி, அந்தக் கையைப் பிடித்து நெடுநேரம் என்னவோ பேசினார். பக்கத்து நாற்காலியில் இருந்த வயதான பெண்ணைக் காட்டினார். மேடையில் இருந்த சாதுவுக்கு ஒன்றும் கேட்கவில்லை. அம்மா தன் மணிக்கட்டைத் தூக்கி, யாருடையதோ மாதிரிப் பார்த்தது மட்டும் தெரிந்தது.

பாட்டு முடிந்தது. சாது மைக்கைப் பிடித்தான்.

“இத்தன நாளா நான் சொன்ன சாட்சியப் பத்தி ஒண்ணு சொல்லணும். அது வந்து...”

“நிறுத்துடா” என்றாள் அம்மா. வகுப்பில் பேசுகிற குரல். எழுந்து மெதுவாகப் படியேறி வந்து மைக்கை வாங்கிக்கொண்டாள்.

“நான்தான் இவனோட அம்மா. இவன் என்னத் தள்ளினான். கை ஒடிஞ்சுது. தையல் மெஷின வித்தான். நான் மன்னிச்சுட்டேன். இப்ப அவன் வாசிக்கட்டும்.”

ஸ்தோத்திரம் ஸ்தோத்திரம் என்று மண்டபம் அதிர்ந்தது. முப்பது வருஷமாக அம்மாவின் எல்லாத் துணிகளையும் தைத்துக் கொடுத்த தையற்காரி மூன்றாவது வரிசையில் இருந்தாள். அவளும் தேம்பித் தேம்பி அழுதாள்.

சாது முழுசாக வாசித்தான். அன்றைக்குக் குறைக்கச் சொல்ல ஒருவரும் இல்லை. எல்லோரும் கேட்டார்கள். அம்மா மட்டும் குனிந்து மடியைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

வேனில் சாமான் ஏற்றும்போது, “ஏம்மா அப்படிச் சொன்ன?” என்று கேட்டான்.

“அந்த டிரைவர் அவங்கம்மாகூட அஞ்சு வருஷமாப் பேசாம இருந்தாராம். நீ சொன்னதக் கேட்டுட்டுதான் போய்க் கூட்டிட்டு வந்தாராம். அந்தம்மா என் பக்கத்துல உக்காந்து என்னப் பாத்து சிரிக்கிறாங்கடா. நான் என்ன பண்ணட்டும்?”

“நான் வாசிச்சதாவது...”

“காதுல ஏறல” என்றாள் அம்மா.

மறுநாளே இன்னொரு ஊரிலிருந்து அமைப்பாளர் போன் பண்ணினார். அம்மாவும் வந்து சொல்ல வேண்டுமாம். அவனும் கூட வரட்டும், கிட்டார் இல்லாவிட்டாலும் பாதகமில்லையாம்.

“அம்மா வரமாட்டாங்க. நானும் இனிமே சாட்சி சொல்றதா இல்ல. கிட்டார் மட்டும்தான் வாசிப்பேன்” என்றான் சாது.

“ஜெபிச்சிட்டுச் சொல்றோம் பிரதர்” என்றார் அவர். இந்த வட்டாரத்தில் பழகியவர்களுக்கு அதற்கு என்ன அர்த்தம் என்று தெரியும். மற்ற ஊர்களும் வரிசையாக ஜெபித்தன, ஒன்றும் திரும்பக் கூப்பிடவில்லை. கர்ஜனை ஒரு வாரம் அவனோடு பேசவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை ஒன்பது மணிக்கு அம்மா இன்னும் சமையலறையிலேயே உட்கார்ந்திருந்தாள். மேசைமேல் ஞாயிறு பள்ளி வருகைப் பதிவேடும் சாக்பீஸ் டப்பாவும் கட்டி வைக்கப்பட்டிருந்தன.

“கிளாஸுக்கு நேரமாச்சேம்மா?”

“போகலடா. அத போதகர்கிட்ட குடுத்துடு. பொய் சொல்லாதீங்க, பொய் சொல்லாதீங்கன்னு நாப்பத்தொரு வருஷம் சொல்லிக் குடுத்துட்டேன். இனிமே எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு சொல்றது?”

சாதுவுக்குக் கண்ணீர் வந்தது. ஒரு வருஷமாக மேடையில் அவன் வடித்த கண்ணீரில் ஒரு சொட்டுக்கூட இப்படிச் சுட்டதில்லை. அம்மாவின் கையை உண்மையிலேயே இப்போதுதான் உடைத்திருக்கிறோம் என்று பட்டது. மன்னிச்சுடும்மா என்றான். அவள் பதிவேட்டை மேசை ஓரத்துக்கு நகர்த்தினாள். “அன்னிக்குக் காதுல ஏறல. இப்ப வாசி” என்றாள்.

ஆம்ப்ளிஃபயர் இல்லாமல், வெறும் கம்பியோசையில் வாசித்தான். அம்மா கோணல் கையை மடியில் வைத்துக்கொண்டு, அவன் விரல்களையே பார்த்தபடி, ஆறு நிமிஷம் இருபது வினாடியும் அசையாமல் உட்கார்ந்திருந்தாள்.

“எப்படிம்மா இருந்துது? உள்ளதச் சொல்லு.”

அம்மா சிறிது நேரம் யோசித்தாள்.

“நீளம் ஜாஸ்திடா. நடுவுல ரெண்டு நிமிஷம் தூக்கம் வந்துடுச்சு.”

சாது விழுந்து விழுந்து சிரித்தான். கண்ணைத் துடைத்துக்கொண்டு பதிவேட்டின் கட்டை அவிழ்த்து அவள் பக்கம் தள்ளினான்.

“கிளம்பும்மா. பிள்ளைங்க காத்துக்கிட்டிருப்பாங்க.”