வலது பக்கம்

"இந்த மூடியக் கொஞ்சம் திறந்து குடு" என்று அப்பா தண்ணீர் பாட்டிலை நீட்டினார்.

பெயின்ட் டப்பாக்களைக் கட்டைவிரலால் நெம்பித் திறக்கிறவர் அவர். மதியச் சாப்பாட்டுக்கு வந்திருந்த மகள் மூடியைத் திறந்தாள். பாட்டிலைக் கொடுக்காமல் கையிலேயே வைத்துக்கொண்டாள்.

"ஏம்ப்பா, வேலைக்குப் போகல?"

அப்பா சமையலறைப் பக்கம் ஒரு கண் வைத்துக்கொண்டு குரலைத் தாழ்த்தினார். காலையில் ரோட்டைக் கடக்கும்போது ஒரு கம்பெனிக் கார் இடித்துவிட்டதாம்.

"லேசாத்தான். டிரைவர் பையன் பயந்து அழுதுட்டான், பாவம். அவனே வீட்டு வாசல் வரைக்கும் கொண்டாந்து விட்டான். என் ஃபோன்ல நம்பரும் போட்டுக் குடுத்தான்."

"கிளம்புங்க, ஆஸ்பத்திரிக்குப் போலாம்."

"எதுக்கு? மேல்பூச்சு கொஞ்சம் உரிஞ்சிருக்கு, அவ்வளவுதான். அம்மாகிட்ட மூச்சு விடாத, ஊரக் கூட்டிடுவா. வக்கீலம்மா, நீயும் கேஸ் கீஸ் போட்டுடாத."

விபத்து வழக்குகள் நடத்தும் வக்கீல் ஒருவரிடம் அவள் டைப்பிஸ்ட். அதனால் வீட்டில் அந்தப் பெயர். சிரித்துவிட்டு அலுவலகத்துக்குத் திரும்பிப் போனாள். யாரோ ஒருவருடைய நஷ்டஈட்டு மனுவை அடித்துக்கொண்டிருந்தபோது ஃபோன் வந்தது.

அவள் ஓடி வந்தபோது அப்பாவைக் கூடத்தில் கிடத்தியிருந்தார்கள். நாற்காலியில் உட்கார்ந்தபடியே போய்விட்டாராம். மாரடைப்பு என்று பக்கத்துத் தெரு டாக்டர் சொல்லியிருந்தார். வந்தவர்கள் எல்லாரும் அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு ஒன்றையே சொன்னார்கள்.

"படுக்கையில விழாம, யாருக்கும் பாரமில்லாம போயிட்டாரு. அதுக்கும் குடுத்து வெச்சிருக்கணும்."

அம்மா ஒவ்வொருவருக்கும் தலையாட்டினாள்.

உடல் போய்விட்டால் வழக்கும் போய்விடும். அந்த மேஜையில் உட்கார்ந்து அவள் தெரிந்துகொண்டது அதுதான். போன மாதம் ஒரு பெண் வந்திருந்தாள். "எல்லாத்தையும் முடிச்சுட்டு வந்து நிக்கிறீங்களே, இப்ப எத வெச்சும்மா நான் நிரூபிக்கிறது?" என்று வக்கீல் கேட்டார். அந்தப் பெண் பையை எடுத்துக்கொண்டு போனாள். இங்கே வாடகையும் அம்மாவின் இன்சுலினும் அப்பாவின் கூலியில்தான் ஓடின. டைப்பிஸ்ட் சம்பளம் எந்த மூலைக்கு?

ஆனால் வாயைத் திறந்தால் அப்பாவைக் கிழித்துத் தைப்பார்கள். அம்மாவுக்கு இருக்கும் ஒரே ஆறுதலும் போகும். அப்புறம் அம்மா கேட்பாள்: தெரிஞ்சிருந்தும் ஏண்டி ஆபீசுக்குப் போன? கத்தியைவிட அந்தக் கேள்விதான் அவளை நடுங்க வைத்தது.

வாசலில் வண்டி வந்து நின்றது. சித்தப்பா துண்டை உதறி இடுப்பில் கட்டினார்.

"இருட்டுறதுக்குள்ள எடுத்துடலாம். ஆளுக்கொரு பக்கம் பிடிங்கப்பா."

நான்கு பேர் குனிந்தார்கள். மகள் நிலைப்படியில் போய் நின்றாள்.

"எடுக்க வேணாம், சித்தப்பா. போலீசுக்குச் சொல்லணும். காலைல அப்பாவ கார் இடிச்சிருக்கு."

"என்ன உளர்ற?"

"என்கிட்ட சொன்னாரு. போஸ்ட்மார்ட்டம் பண்ணணும்."

"எங்கண்ணன் உடம்பு இன்னும் ஆறல, அதுக்குள்ள நஷ்டஈட்டுக் கணக்கா? வக்கீல் ஆபீஸ் புத்தி உன்ன விடாதே!"

அவள் அம்மாவைப் பார்க்கவில்லை. பார்க்க முடியவில்லை. நிலைக்கட்டையைப் பிடித்துக்கொண்டு தானே போலீசுக்கு ஃபோன் போட்டாள்.

வந்த ஏட்டு செருப்பை வெளியே விட்டுவிட்டு உள்ளே வந்தார். அப்பாவின் ஃபோனிலிருந்து டிரைவரின் நம்பரைக் குறித்துக்கொண்டார்.

"எந்தப் பக்கம்மா அடி?"

"சரியாத் தெரியல சார். இடது பக்கம்னு..."

"வலது பக்கம்."

சொன்னது அம்மா. சுவரில் சாய்ந்தபடி, தரையைப் பார்த்துக்கொண்டு.

"உங்ககிட்டயும் சொன்னாராம்மா?"

"சொல்லல. சட்ட மாத்துறப்போ வலது கை மேல ஏறல. விலாவுல கருரத்தமா இருந்துச்சு. நான் பாத்தத அவரு பாக்கல." அம்மா முந்தானையை வாயில் அழுத்திக்கொண்டாள். "இவளுக்குத் தெரிஞ்சா வேலைய விட்டுட்டு உக்காந்துடுவாளேன்னு... சாயந்திரம் சொல்லிக்கலாம்னு..."

சித்தப்பா துண்டை அவிழ்த்துத் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போனார். வண்டிக்காரரிடம் ஆஸ்பத்திரிக்கு வழி சொல்வது கேட்டது.

ஆஸ்பத்திரியில், மூடிய கதவுக்கு எதிரே இருந்த பெஞ்சில் அம்மாவும் மகளும் உட்கார்ந்திருந்தார்கள். இருவருக்கும் நடுவில் ஒரு ஆள் உட்காரும் இடம் இருந்தது. கதவுக்குப் பின்னால் தண்ணீர்க் குழாயைத் திறக்கும் சத்தம் வந்தபோது அம்மாவின் கை அந்த இடத்தில் ஊர்ந்து வந்து அவள் மணிக்கட்டைப் பிடித்தது. வலித்தது. அவள் அசையவில்லை.

ஊழியர் ஒருவர் ஒரு தாளைக் கொண்டுவந்து கையெழுத்து கேட்டார்.

"கீழ தேதி போடுங்க."

"இன்னைக்கு என்ன தேதி?" என்று கேட்டாள்.

அவர் சுவரிலிருந்த காலண்டரைக் காட்டினார். இன்னும், அப்பா பாட்டிலை நீட்டிய அதே செவ்வாய்க்கிழமைதான்.