சும்மா கிடந்த ஃபைல்

வாய்க்கரிசித் தட்டை ராமையா மாமா வெடுக்கென்று பின்னால் இழுத்ததில், தோட்ட ஆபீசில் கணக்கெழுதும் குலசிங்கம் கிராணி நீட்டிய கை காற்றைத்தான் அள்ளியது.

“உங்க கையால வேணாங்க கிராணி. எங்க மச்சான் பெத்த புள்ள மொகத்தப் பாக்காமயே போயிட்டாரு. ஒரு தகவல் அனுப்ப முடியல, அரிசி போட மட்டும் வந்துட்டீங்களா?”

சின்னையா இந்தத் தகராறில் கலந்துகொள்ளாமல் பெஞ்சில் படுத்திருந்தார். தலைமாட்டில் மகன் பத்துமலை. தோட்டக் கம்பெனியின் ஈப்போ டவுன் ஆபீசில் கம்ப்யூட்டர் வேலை. தொழிலாளர் குடியிருக்கும் லயத்திலிருந்து அந்த மெஷினைத் தொட்ட முதல் பிள்ளை.

“நான் மூண்டு தரம் மெயில் அனுப்பினனான்,” என்றார் கிராணி. “போன் அடிக்கட்டோ எண்டும் கேட்டனான். சின்னையாதான் வேண்டாமெண்டிட்டார்.”

உண்மைதான். போன தீபாவளிக்கு வந்தபோது பத்துமலை லயத்தையே கூட்டிவைத்து அளந்திருந்தான்: “போனெல்லாம் பழைய காலம்லா. கிராணி ஆபீஸ்ல தட்டுனா, கண்ண மூடித் தெறக்கறதுக்குள்ள என் மேசைக்கு வந்துடும்.” காய்ச்சலில் கிடந்த சின்னையா அதையே பிடித்துக்கொண்டார். போன் செய்தால் மகனின் மெஷினை நம்பாததுபோல் ஆகிவிடுமாம்.

செய்தி ஈப்போவுக்கு வந்துதான் சேர்ந்தது. பிரித்துக் காட்டத்தான் ஆள் இல்லை. மெயில் புரோகிராம் அந்த வேலையைத் தானாகச் செய்யாது. ஒரு லைப்ரரி ஃபைலைக் கூப்பிட்டுச் செய்யச் சொல்லும். அந்த ஃபைலைத் தனியாகத் தட்டினால் ஒன்றும் நடக்காது. முன்பொரு நாள் பத்துமலை தட்டிப் பார்த்தான், ஒன்றும் நடக்கவில்லை. ஹார்ட் டிஸ்கில் இடம் வேண்டியிருந்தது. இது சோம்பேறி என்று முடிவுகட்டி அழித்தான். ஆபீசில் மெயில் பார்க்கும் வழக்கம் யாருக்கும் இல்லாததால், யாரும் தேடவில்லை.

சாவுச் செய்தி போனில் வந்த பிறகுதான் ஏதோ உறுத்தியது. டிஸ்கெட்டிலிருந்து ஃபைலைத் திரும்பப் போட்டான். காத்துக் கிடந்தவை ஒவ்வொன்றாகத் திறந்தன.

“அவரு மேல தப்பில்ல மாமா,” என்றான் இப்போது. “நாந்தான்.”

“நீ என்னடா பண்ணுன?”

“மெயிலுக்குன்னு ஒரு ஃபைல் இருக்கு. அத நான் அழிச்சிட்டேன். அதனாலதான் வந்த செய்தி தெறக்கல.”

ராமையா மாமாவின் கண்கள் கலங்கின.

“பாத்தியா மங்களம்! அப்பன் பொணத்துக்கு முன்னால நின்னுகிட்டு அடுத்தவன் பழியத் தன் தலையில போட்டுக்கறான். படிச்ச புள்ள படிச்ச புள்ளதான்லா!”

“அவங்கப்பா மனசு,” என்று மங்களம் மகனைக் கட்டிக்கொண்டு அழுதாள்.

“இல்லம்மா, நெசமாத்தான்…”

“தாப்பா, பரவால்ல விடுய்யா. போதும்.” மாமா தட்டைக் கிராணியிடம் நீட்டினார். “அவன் மொகத்துக்காகத்தான். போடுங்க.”

பத்துமலைக்கு ஒரு திட்டு வாங்கக்கூட வக்கில்லாமல் போயிற்று.

கிராணி அரிசியைப் போட்டுவிட்டுத் தலைமாட்டுக்கு வந்தார். ஈப்போவுக்கு வந்து இவனிடமே கம்ப்யூட்டர் பழகியவர். அந்தப் பந்தலில் ஃபைல் என்றால் என்னவென்று தெரிந்த இன்னொரு ஆள்.

“ஏன் தம்பி அழிச்சனீர்?”

“எடம் பத்தல சார்.”

“என்னத்துக்கு இடம்?”

பத்துமலை அப்பாவின் கால் பெருவிரல்களைச் சேர்த்துக் கட்டியிருந்த துணியைப் பார்த்தான்.

“கேம் சார். கார் ரேஸ்.”

கிராணி தலையை மெல்ல ஆட்டினார். மாமா நின்ற பக்கம் திரும்பினார். சொல்லிவிடட்டும் என்று பத்துமலை காத்திருந்தான். அவர் சொல்லவில்லை.

பாடை கிளம்பியபோது தூறல் பிடித்தது. பத்துமலை கொள்ளிச்சட்டியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு முன்னால் நடந்தான். பக்கவாட்டிலிருந்து ஒரு கறுப்புக் குடை நீண்டது.

“நெருப்பு நனையும்,” என்றார் கிராணி.

செம்பனைகளுக்கு நடுவே சுடுகாடு வரைக்கும் அந்தக் குடை சட்டிக்கும் அவன் தலைக்கும் மேலேயே வந்தது. கை ஒழியாததால் அவனால் விலக்கவும் முடியவில்லை. கிராணியின் வெள்ளைச் சட்டை ஒரு பக்கம் முழுக்க நனைந்து, தோளோடு ஒட்டிக் கிடந்தது.